பெயரில் கோழி இருந்தால் கோழியா?

வாசகர் கேள்வி பதில்

கோழி, காடை, கௌதாரி, மயில் எல்லாவற்றையும் ஒரே கூரையின் கீழ் வைக்கும் 'கேலிஃபார்மிஸ்' என்ற அறிவியல் பெயரைச் சுற்றி வந்த கேள்விகளை இந்த முறை ஒன்றாகத் தொகுத்திருக்கிறோம். ஒரே சந்தேகத்தைப் பலர் கேட்டிருந்தால் அவற்றை ஒரே கேள்வியாக்கியிருக்கிறோம்.

போட்டித் தேர்வுக் கையேடு ஒன்றில் 'கேலிஃபார்மிஸ் = தரையில் வாழும் பறவைகள்' என்று பொருள் போட்டிருக்கிறார்கள். அந்தச் சொல்லுக்கு அதுதான் அர்த்தமா?
தேர்வுக்குப் படிப்பவர், விருதுநகர்

இல்லை. அந்தச் சொல்லில் தரையும் இல்லை, வாழ்வதும் இல்லை. லத்தீனில் 'கல்லுஸ்' என்றால் சேவல். 'ஃபோர்மா' என்றால் உருவம். இரண்டையும் சேர்த்துப் பன்மை விகுதி போட்டால் 'சேவல் உருவத்தவை'. சொல்லின் பொருள் அவ்வளவுதான். கையேட்டுக்காரர்கள் அந்தப் பறவைகளின் பழக்கத்தை எடுத்துச் சொல்லின் பொருளாக எழுதிவிட்டார்கள்.

'சேவல் உருவத்தவை' என்பதையும் எழுத்துக்கு எழுத்து எடுத்துக்கொள்ளக் கூடாது. பறவை வரிசைகளின் பெயர்கள் ஏறக்குறைய எல்லாமே இப்படித்தான் அமைகின்றன. நன்கு தெரிந்த ஒரு பறவையின் லத்தீன் பெயரை எடுத்து, பின்னால் '-இஃபார்மிஸ்' சேர்ப்பார்கள். சிட்டுக்குருவியின் பெயரில் அமைந்த 'பாசெரிஃபார்மிஸ்' வரிசையில்தான் காகமும் இருக்கிறது. காகம் சிட்டுக்குருவி உருவத்திலா இருக்கிறது? 'இந்தப் பறவையும் அதன் சொந்தபந்தங்களும்' என்பதுதான் அந்த விகுதியின் நடைமுறைப் பொருள். ஆகவே கேலிஃபார்மிஸ் என்றால் சேவலும் அதன் உறவினர்களும். உறவு என்பது எலும்பமைப்பிலும் மரபணுவிலும் பார்த்து முடிவு செய்தது. எங்கே வாழ்கிறது என்று பார்த்து முடிவு செய்ததல்ல.

இந்த வரிசையில் சுமார் 300 இனங்கள் உண்டு. அவை ஐந்து குடும்பங்களில் அடங்கும்: கோழி, மயில், காடை, கௌதாரி, வான்கோழி எல்லாம் சேர்ந்த ஃபேசியானிடே, ஆப்பிரிக்காவின் கினிக்கோழிக் குடும்பம், அமெரிக்கக் கண்டங்களின் காடைக் குடும்பம், மண்மேடு கட்டி முட்டையிடும் மெகபோடுகள், நடு, தென் அமெரிக்கக் காடுகளின் கிராசிடே. இந்தக் கடைசிக் குடும்பம்தான் கையேட்டின் விளக்கத்தைக் கவிழ்க்கிறது. அதில் பெரும்பாலானவை மரத்திலேயே மேய்ந்து, மரத்திலேயே கூடு கட்டுபவை. அவற்றின் பின்விரல் மற்ற விரல்களோடு ஒரே மட்டத்தில் இருப்பதால் கிளையை நன்றாகப் பற்ற முடிகிறது. நம் கோழிக்கோ பின்விரல் சற்று மேலே தூக்கியிருக்கும். நடக்கவும் சீய்க்கவும் அது வசதி.

அதற்காகத் தரை என்ற பேச்சே தவறு என்றும் சொல்ல முடியாது. இந்த வரிசையின் உடலமைப்பு பெரும்பாலும் தரைக்காக அமைந்ததுதான். பலமான கால், மழுங்கிய நகம், தானியத்தை அரைக்கக் கல் விழுங்கும் இரைப்பை, குட்டையாக உருண்ட சிறகு. ஆபத்து வந்தால் 'பர்ர்' என்று செங்குத்தாக எழும்பிச் சிறிது தூரத்தில் இறங்கிவிடும். கோழியின் மார்புக்கறி வெளுப்பாக இருப்பதன் காரணமும் இதுவே. ஒரு நொடியில் முழுப் பலத்தையும் கொட்டி உடனே களைத்துப்போகும் தசை அது. நாளெல்லாம் பறக்கும் புறாவின் மார்புக்கறி கருஞ்சிவப்பாக இருப்பதை ஒப்பிட்டுப் பாருங்கள்.

தேர்வில் கேட்டால் 'கோழியை ஒத்த பறவைகளின் வரிசை; பெரும்பாலும் தரையில் மேய்பவை' என்று எழுதுங்கள். 'பெரும்பாலும்' என்ற சொல்லை விட்டுவிடாதீர்கள்.

கேலிஃபார்மிஸ், காலிபார்மஸ், கல்லிபார்ம்ஸ்... தமிழில் எதை எழுதுவது?
பள்ளி ஆசிரியை, தென்காசி

லத்தீன் உச்சரிப்புக்கு நெருக்கமானது 'கல்லிஃபோர்மேஸ்'. நம் வகுப்பறைகளில் ஆங்கில வழி வந்த 'கேலிஃபார்மிஸ்' பழகிவிட்டது. எதை எழுதினாலும் குற்றமில்லை, கட்டுரை முழுக்க ஒன்றையே எழுதுங்கள். 'கல்லிபார்ம்ஸ்' மட்டும் வேண்டாம். கடைசி அசை லத்தீன் பன்மை விகுதி, அதை ஒலிக்காமல் விழுங்கிவிட்டால் சொல்லே குறைப்பட்டுப் போகிறது.

அது பன்மைச் சொல் என்பதால் 'கேலிஃபார்மிஸ்கள்' என்று எழுதுவதும் பொருந்தாது. ஒரு பறவையைச் சொல்ல வேண்டுமானால் 'கேலிஃபார்மிஸ் வரிசைப் பறவை'. பாடநூல் சொற்களில் இது வரிசை. அதற்கு மேலே வகுப்பு, கீழே குடும்பம், பேரினம், சிற்றினம். 'கேலிஃபார்மிஸ் குடும்பம்' என்று செய்தித்தாள்களில் அடிக்கடி வருகிறது. மாவட்டத்தை ஊராட்சி என்று சொல்வதைப் போன்ற பிழை அது.

எங்கள் மானாவாரிக் காட்டில் காடை மாதிரியே ஒரு பறவை இருக்கிறது. போட்டோ எடுத்துப் பெரிதாக்கிப் பார்த்தால் காலில் மூன்று விரல்தான். பின்விரல் இல்லை. அடிபட்டதா, வேறு இனமா?
விவசாயி, கோவில்பட்டி

அடிபடவில்லை. காடையும் இல்லை. டர்னிக்ஸ் என்ற பேரினத்தைச் சேர்ந்த பறவை அது. மூன்று விரலும் முன்பக்கமே இருக்கும், பின்விரல் பிறவியிலேயே கிடையாது. காடைக்கு லத்தீன் பெயர் 'கொட்டர்னிக்ஸ்'. அதன் தலையை வெட்டினால் 'டர்னிக்ஸ்'. 1791இல் பொனத்தேர் என்ற பிரெஞ்சுக்காரர் அப்படிச் சுருக்கித்தான் இந்தப் பேரினத்துக்குப் பெயர் வைத்தார். விரல் குறைந்த காடைக்கு எழுத்துக் குறைந்த பெயர்.

இந்தப் பறவை கேலிஃபார்மிஸ் வரிசையிலேயே இல்லை என்பதுதான் பலருக்கு நம்பச் சிரமமாக இருக்கும். ஒரு காலத்தில் கோழிகளோடு வைத்தார்கள், பிறகு நெடுங்காலம் சாரசக் கொக்குகளும் கானாங்கோழிகளும் உள்ள வரிசையில் வைத்தார்கள். மரபணுவைப் படித்த பிறகு கடற்காக்கை, ஆள்காட்டி, உள்ளான் இவை இருக்கும் கராட்ரிஃபார்மிஸ் வரிசைக்கு மாற்றினார்கள். உங்கள் காட்டில் 'டிட்-டிட்-டூயிட்' என்று கத்தி ஊரைக் கூட்டும் ஆள்காட்டிதான் இதற்குச் சொந்தம். காடை இதற்கு உறவே இல்லை. புல்லுக்குள் ஒளிந்து விதையும் பூச்சியும் பொறுக்கும் பிழைப்பு இரண்டுக்கும் ஒன்றாக இருந்ததால், தனித்தனி வழியில் வந்தும் உருவம் ஒன்றாகிவிட்டது.

குடும்ப நடப்பிலும் இது காடைக்கு நேர் எதிர். பெட்டைதான் பெரியது, நிறம் கூடியது. தென்னிந்தியாவில் பரவலாகத் தென்படும் வரிமார்பு இனத்தில் பெட்டையின் தொண்டை கறுப்பு. தொலைவில் மோட்டார் சைக்கிள் ஓடுவதுபோல 'ட்ர்ர்ர்ர்' என்று நீட்டிக் கூவி ஆணை அழைப்பதும் பெட்டையே. முட்டையிட்ட பிறகு அடைகாப்பதும் குஞ்சு வளர்ப்பதும் ஆணின் பாடு. பெட்டை அடுத்த ஆணைத் தேடிப் போய்விடும்.

போட்டோ இல்லாமல் களத்தில் பிரித்தறிய, காலடித் தடத்தை நம்ப வேண்டாம். உண்மையான காடையின் பின்விரலும் சிறியது, தூக்கலாக இருப்பதால் புழுதியில் பதியாமலும் போகும். எழும்பும் விதத்தைக் கவனியுங்கள். மூன்றுவிரல் பறவை தனியாகவோ சோடியாகவோ காலடியில் எழும்பி, சில கஜ தூரத்தில் பொத்தென்று புல்லுக்குள் விழும்; மறுபடி கிளப்புவது கடினம். கூட்டமாக ஒரே நேரத்தில் நாலாபக்கமும் வெடித்துச் சிதறினால் அது பெர்டிக்குலா பேரினத்துப் புதர்க்காடை. அவை வட்டமாக நெருங்கி உட்கார்ந்திருக்கும், கிட்டே போகும்வரை அசையாது. மழைக்காலத்தில் புல்வெளியில் 'விட்-விட், விட்-விட்' என்று இரட்டை இரட்டையாகக் கூவினால் மழைக்காடை. அதன் ஆணுக்கு மார்பில் கறுப்புத் திட்டு இருக்கும்.

விரலை எண்ணுவதற்காகப் பிடித்துப் பார்க்க வேண்டாம். 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி காட்டுக் காடை, கௌதாரி எதைப் பிடித்தாலும் குற்றம். நீங்கள் செய்ததுபோல் போட்டோவே சரி. பக்கவாட்டில் கணுக்காலோடு சேர்த்து எடுங்கள்.

பனங்காடை, கல்கௌதாரி, கானமயில், நீர்க்கோழி இவையெல்லாம் இந்த வரிசையில் வருமா?
கல்லூரி மாணவி, திண்டுக்கல்

நான்கில் ஒன்றுகூட வராது. தமிழ்ப் பெயர்கள் உருவத்தையும் இருப்பிடத்தையும் பார்த்து வைத்தவை. அந்த வேலையை அவை நன்றாகவே செய்கின்றன, உறவைச் சொல்வது அவற்றின் வேலையல்ல.

பனங்காடை நீலச் சிறகு மின்னப் பறப்பது. மீன்கொத்திக்குப் பக்கத்து உறவு. பனைமரப் பொந்தில் முட்டையிடும், சாலையோரக் கம்பியில் உட்கார்ந்திருக்கும். காடைக்கும் அதற்கும் பெயர் ஒற்றுமை மட்டுமே. கானமயில் தனி வரிசை, ஓட்டிடிஃபார்மிஸ். அதற்கும் பின்விரல் இல்லை. நீர்க்கோழி, கானாங்கோழி, தாழைக்கோழி, நாமக்கோழி நான்கும் சாரசக் கொக்கின் வரிசையான குரூயிஃபார்மிஸ்.

கல்கௌதாரியைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். வறண்ட கரட்டு நிலத்தில் மண்ணோடு மண்ணாகக் கிடப்பது. பார்த்த மாத்திரத்தில் கௌதாரி என்றுதான் தோன்றும். ஆனால் டெரோக்ளிஃபார்மிஸ் என்ற தனி வரிசை. பெயருக்குக் கிரேக்கத்தில் 'சிறகால் பேர்பெற்றது' என்று பொருள், அது சரியான பெயர். கௌதாரியின் குட்டை உருண்டைச் சிறகுக்கு மாறாக இதற்கு நீண்டு கூரான சிறகு. தண்ணீர் தேடி வெகுதூரம் பறக்கும். ஆண் பறவை குட்டையில் இறங்கி வயிற்று இறகை நனைத்துக்கொண்டு குஞ்சுகளிடம் திரும்பும், குஞ்சுகள் அந்த இறகைச் சப்பித் தண்ணீர் குடிக்கும். அந்த இறகின் நுண்ணிழைகள் ஈரத்தைப் பிடித்துவைக்கும் விதத்தில் சுருண்டு அமைந்தவை. கேலிஃபார்மிஸ் வரிசையில் எந்தத் தகப்பனும் இப்படிச் செய்வதில்லை.

இந்த வரிசைக்குள் வருபவை: மயில், சாம்பல் காட்டுக்கோழி, கௌதாரி, காடை, புதர்க்காடை, காலில் ஒன்றுக்கு மேற்பட்ட முள் கொண்ட கேலோபெர்டிக்ஸ் இனங்கள். தமிழ்நாட்டுக் காட்டில் உள்ள இந்த வரிசைப் பறவைகள் அனைத்தும் ஒரே குடும்பம், ஃபேசியானிடே. இந்தியா முழுவதற்கும் எடுத்தால் இன்னொரு குடும்பம் சேரும், நிக்கோபார் தீவுகளின் மெகபோடு. 'பெருங்கால்' என்று பொருள்படும் பெயர். மண்ணும் இலைச்சருகும் காலால் குவித்து மேடாக்கி அதற்குள் முட்டையிடும். மக்கும் சருகின் சூடே அடைகாக்கும். வெளியே வரும் குஞ்சுக்குத் தாய் தேவையில்லை.

சங்கப் பாடல்களில் வரும் 'குறும்பூழ்' காடை, 'சிவல்' கௌதாரி. கலித்தொகையில் குறும்பூழ்ச் சண்டையே பேசப்படுகிறது. ஆனால் அந்தக் குறும்பூழுக்கு விரல் மூன்றா நான்கா என்று பாட்டை வைத்துச் சொல்ல முடியாது!

பதிவேட்டில் அறிவியல் பெயர் எழுதினால் ஆசிரியர் சிவப்பு மையில் சுழிக்கிறார். நூல்களில் ஒரு இடத்தில் அந்தப் பெயரை வைத்தவரின் பெயரும் ஆண்டும் அடைப்புக்குறிக்குள் இருக்கிறது, இன்னோர் இடத்தில் இல்லை. விதி என்ன?
பன்னிரண்டாம் வகுப்பு மாணவர், சேலம்

முதலில் எளியது. பேரினத்தின் முதல் எழுத்து பெரிய எழுத்து, சிற்றினம் முழுக்கச் சிறிய எழுத்து. மனிதர் பெயரிலோ ஊர் பெயரிலோ வந்திருந்தாலும் சிறியதுதான். அச்சில் இரண்டும் சாய்வெழுத்து. கையால் எழுதும்போது இரண்டு சொல்லுக்கும் தனித்தனியாக அடிக்கோடு; இரண்டையும் சேர்த்து ஒரே கோடாக இழுத்தால்தான் சிவப்பு மை விழும். கேலிஃபார்மிஸ் போன்ற வரிசைப் பெயருக்கும் குடும்பப் பெயருக்கும் சாய்வும் வேண்டாம், அடிக்கோடும் வேண்டாம். முதல் எழுத்து மட்டும் பெரியது. தமிழ் எழுத்தில் எழுதினால் பெரிய எழுத்து என்ற பேச்சே இல்லை. சாய்வெழுத்தோ ஒற்றை மேற்கோள் குறியோ போதும்.

அடைப்புக்குறிக்கு ஒரு அழகான தர்க்கம் உண்டு. பெயர் வைத்தவர் முதலில் எந்தப் பேரினத்தில் வைத்தாரோ அதே பேரினத்தில் பறவை இன்றும் இருந்தால் குறி கிடையாது. பின்னால் வேறு பேரினத்துக்கு மாற்றியிருந்தால் அடைப்புக்குறி. மயிலை ஸ்வீடன் அறிஞர் லின்னேயஸ் 1758இல் 'பேவோ கிறிஸ்டேட்டஸ்' என்றார், இன்றும் அதே. ஆகவே 'லின்னேயஸ், 1758' குறியில்லாமல் வரும். அதே ஆண்டில் அவர் கோழியை 'ஃபேசியானஸ் கேலஸ்' என்று ஃபெசன்ட் பறவைகளோடு சேர்த்தார். கேலஸ் என்ற தனிப் பேரினத்தை பிரெஞ்சு அறிஞர் பிரிசோன் வகுத்தது 1760இல். ஆகவே 'கேலஸ் கேலஸ்' என்ற பெயருக்குப் பின்னால் '(லின்னேயஸ், 1758)' என்று குறிக்குள் வரும். குறியைப் பார்த்தாலே 'இந்தப் பறவை வீடு மாறியது' என்று தெரிந்துகொள்ளலாம்.

பேரினமும் சிற்றினமும் ஒரே சொல்லாக இருப்பது அச்சுப் பிழையல்ல. விலங்கியலில் அதற்கு அனுமதி உண்டு, தாவரவியலில் கிடையாது. கேலஸ் கேலஸ் இனத்துக் காட்டுச் செங்கோழியின் இந்தியத் துணையினத்துக்கு மூன்றாவது சொல்லாக 'முர்கி' சேரும். ஆம், கோழியைக் குறிக்கும் இந்தி முர்கியேதான்.

பேரினத்தை முதல் எழுத்தும் புள்ளியுமாகச் சுருக்கும்போது கவனம் வேண்டும். கேலஸ், கேலோபெர்டிக்ஸ் இரண்டுக்கும் ஆங்கிலத்தில் ஒரே முதல் எழுத்து. பேவோ, பெர்டிக்குலா, டெரோக்ளிஸ் மூன்றுக்கும் அப்படியே. டெரோக்ளிஸின் முதல் எழுத்து ஒலிக்காது என்பதால் தமிழில் பார்த்து ஏமாற வேண்டாம். ஒரே பக்கத்தில் இவை வந்தால் சுருக்காமல் முழுதாக எழுதுங்கள்.

வரிசைப் பெயருக்குப் பின்னால் அதை வைத்தவரின் பெயரைப் போடாவிட்டால் மதிப்பெண் குறைக்கக் கூடாது. விலங்குப் பெயரிடல் சட்டத்தொகுப்பு ஒழுங்குபடுத்துவது குடும்பத்துக்கும் வரிசைக்கும் இடைப்பட்ட மேல்குடும்பம் வரைதான். வரிசைப் பெயர்களும் '-இஃபார்மிஸ்' விகுதியும் வழக்கத்தால் நிலைத்தவை. குடும்பத்துக்கு '-இடே' என்ற விகுதி மட்டும் கட்டாயம்.

கௌதாரியின் அறிவியல் பெயரில் 'பாண்டிசேரியானஸ்' என்று வருகிறதே, எங்கள் பாண்டிச்சேரிதானா?
வாசகர், புதுச்சேரி

உங்கள் ஊரேதான். 1789இல் ஜெர்மன் அறிஞர் க்மெலின் பெயர் வைத்தபோது 'டெட்ராவோ பாண்டிசேரியானஸ்'. பிறகு நெடுங்காலம் ஃப்ராங்கோலினஸ், சில ஆண்டுகளாக ஆர்ட்டிகார்னிஸ். பேரினம் மாறினாலும் ஊர் போகவில்லை. மழைக்காடையும் அதே க்மெலின், அதே 1789. 'கொட்டர்னிக்ஸ் கோரமண்டலிகா' என்பதில் இருப்பது சோழமண்டலக் கரை. முதலில் அது 'கோரமண்டலிகஸ்' என்று ஆண்பால் விகுதியோடு இருந்தது. லத்தீனில் கொட்டர்னிக்ஸ் பெண்பால் என்பதால் அந்தப் பேரினத்துக்கு மாறியதும் விகுதியும் மாறியது. பழைய நூலில் ஒரு மாதிரியும் புதிய நூலில் வேறு மாதிரியும் இருந்தால் இரண்டு பறவை என்று நினைத்துவிடாதீர்கள்.

நம் சாம்பல் காட்டுக்கோழியின் 'சொன்னராட்டி' பாண்டிச்சேரிக்கு வந்துபோன பிரெஞ்சுப் பயணி பியேர் சொன்னராவின் பெயர். இலங்கையின் தேசியப் பறவையான காட்டுக்கோழியின் 'லஃபாயெட்டி' இலங்கைப் பக்கமே வராத பிரெஞ்சுப் பிரபு லஃபாயெத்தின் பெயர். இப்படிப்பட்ட மரியாதைப் பெயர்களில் சம்பந்தம் தேடிக்கொண்டிருக்க வேண்டாம். இரண்டும் ஆங்கில எழுத்தில் இரட்டை 'ஐ'யோடு முடியும். ஒன்றை விட்டுவிடுவதுதான் எல்லோரும் செய்யும் பிழை.

நாட்டுக்கோழி, காடை, வான்கோழி மூன்றும் ஒரே வரிசை என்கிறீர்கள். அப்படியானால் ஒரே இன்குபேட்டரில் வைக்கலாமா?
பண்ணையாளர், பல்லடம்

வைக்கலாம், ஆனால் ஒரே நாளில் வைக்கக் கூடாது. வரிசை ஒன்று என்பதால் கிடைக்கும் லாபம், வெப்பநிலை ஏறக்குறைய ஒன்றாக இருப்பதுதான். விசிறி உள்ள இன்குபேட்டரில் 37.5 முதல் 37.8 டிகிரி செல்சியஸ் மூன்றுக்கும் பொருந்தும். நாள்கணக்குதான் வேறு: ஜப்பானியக் காடைக்கு 17 முதல் 18, கோழிக்கு 21, கினிக்கோழிக்கு 26 முதல் 28, வான்கோழிக்கு 28.

ஆகவே பின்னாலிருந்து கணக்குப் போடுங்கள். வான்கோழி முட்டையை வைத்த நாளை முதல் நாளாகக் கொள்ளாமல் பூஜ்ஜியமாகக் கொள்ளுங்கள். 7ஆம் நாள் கோழி முட்டை, 10 அல்லது 11ஆம் நாள் காடை முட்டை. மூன்றும் ஒன்றாகப் பொரிக்கும். பொரிப்புக்கு மூன்று நாள் முன்பு, அதாவது 25ஆம் நாள், எல்லா முட்டைகளையும் திருப்புவதை நிறுத்தி, 55 முதல் 60 சதவீதமாக இருந்த ஈரப்பதத்தை 65 முதல் 70க்கு உயர்த்துங்கள். நாள் தவறி இஷ்டத்துக்கு வைத்தால் என்ன ஆகும்? காடைக்காக ஈரப்பதத்தை ஏற்றும்போது பாதி வளர்ந்த வான்கோழி முட்டையில் நீர் போதுமான அளவு வற்றாது, காற்றறை சிறுத்துப்போய்க் குஞ்சு ஓட்டை உடைக்கும் நேரத்தில் மூச்சுத் திணறிச் சாகும். கோழிக்காகத் திருப்பிக்கொண்டே இருந்தால் காடைக் குஞ்சு ஓட்டில் சரியான நிலையில் திரும்ப முடியாமல் போகும்.

காடை முட்டை 10 முதல் 12 கிராம்தான். கோழி முட்டைத் தட்டில் ஆடி உருண்டு விரிசல் விடும், அதற்குரிய தட்டைப் பயன்படுத்துங்கள்.

பொரித்த பிறகு பிரித்துவிடுங்கள். இதில் தயக்கம் வேண்டாம். ஒரே வரிசைச் சொந்தம் என்பதே இங்கே பகை. கோழியின் குடலில் உள்ள ஒருவகைப் புழுவின் முட்டை வழியாக ஹிஸ்டோமோனஸ் என்ற ஒட்டுண்ணி பரவும். கோழி பெரும்பாலும் தாங்கிக்கொள்ளும், வான்கோழிக்கு ஈரல் புண்ணாகிக் கந்தக மஞ்சள் நிறத்தில் கழிந்து கூட்டம் கூட்டமாகச் சாகும். கோழி மேய்ந்த தரையில்கூட வான்கோழியை விட வேண்டாம், அந்தப் புழு முட்டை மண்ணில் நெடுநாள் உயிரோடிருக்கும். காடைக் குஞ்சு விரல் நுனி அளவுதான் என்பதால் தண்ணீர்த் தட்டில் கூழாங்கல் போட்டு வையுங்கள், இல்லாவிட்டால் மூழ்கிச் சாகும். தீவனமும் ஒன்றல்ல. வான்கோழிக் குஞ்சுக்குப் புரதம் 28 சதவீதம் அளவுக்குத் தேவை, கோழிக் குஞ்சுத் தீவனத்தில் அது 20 முதல் 22தான்.

வாத்தும் ஈமு கோழியும் இந்த வரிசைதானா?
அதே ஊரிலிருந்து இன்னொருவர்

வாத்து இந்த வரிசையில் இல்லை, அன்செரிஃபார்மிஸ். ஆனால் கேலிஃபார்மிஸுக்கு உலகில் மிக நெருங்கிய சொந்தம் அந்த வாத்து வரிசைதான். பெல்ஜியத்தில் கிடைத்த ஆஸ்டெரியோர்னிஸ் என்ற புதைபடிவப் பறவையின் மண்டையோட்டில் கோழியின் சாயலும் வாத்தின் சாயலும் கலந்திருக்கின்றன. 2020இல் விவரிக்கப்பட்ட அதன் வயது சுமார் 6.67 கோடி ஆண்டு, டைனோசர்கள் அழிவதற்குச் சற்று முந்தையது. பார்வைக்குக் காடை மாதிரியே இருக்கும் மூன்றுவிரல் பறவையைவிட, தட்டை அலகோடு நீந்தும் வாத்து கோழிக்கு நெருங்கிய உறவு.

ஈமு எந்த விதத்திலும் கோழி அல்ல. அது தீக்கோழியும் அல்ல. பெயரில் 'கோழி' ஒட்டிக்கொண்டது விற்பனைக்கு உதவியது, அவ்வளவே.

வான்கோழிக்கு 'மெலியாக்ரிஸ்', கினிக்கோழிக்கும் 'மெலியாக்ரிஸ்'. எது சரி?
வாசகர், மதுரை

இரண்டும் சரி. கிரேக்கத்தில் மெலியாக்ரிஸ் என்பது கினிக்கோழிதான். அமெரிக்காவிலிருந்து வந்த வான்கோழியை ஐரோப்பியர்கள் கினிக்கோழியோடு குழப்பிக்கொண்டார்கள், அந்தக் குழப்பம் 'மெலியாக்ரிஸ் கேலோபேவோ' என்ற பெயரில் உறைந்துவிட்டது. கேலோபேவோ என்றால் 'சேவல்மயில்'. உண்மையான கினிக்கோழிக்கு 'நுமிடா மெலியாக்ரிஸ்' என்று இரண்டாவது சொல்லில் இடம் கிடைத்தது. தவறாக வைத்த பெயர் என்பதற்காக அறிவியல் பெயரை மாற்ற மாட்டார்கள். பெயர் விளக்கமல்ல, அடையாளம் என்பதே விதி.

தாத்தா வைத்திருந்த பழைய ஆங்கிலப் பறவை நூலில் கேலிஃபார்மிஸ் என்றே ஒரு சொல் இல்லை. 'ரசோரஸ்' என்று போட்டிருக்கிறது. இரண்டும் ஒன்றா?
வாசகி, நாகர்கோவில்

ஏறக்குறைய. ஆனால் ஒன்றல்ல. முதல் கேள்வியைக் கேட்டவர் தேடியது உண்மையில் இந்தச் சொல்லைத்தான். லத்தீனில் 'ராடெரே' என்றால் சுரண்டுவது, சீய்ப்பது. 'ரசோரஸ்' என்றால் சீய்ப்பவை. 1811இல் இல்லிகர் என்ற ஜெர்மானியர் கொண்டுவந்த பெயர். காலால் மண்ணைச் சீய்த்து இரை தேடும் பழக்கத்தை வைத்தே அமைத்த தொகுப்பு. சென்னை மாகாண ராணுவத்தில் மருத்துவராக இருந்த ஜெர்டன், 1862 முதல் 1864 வரை வெளியிட்ட இந்தியப் பறவைகள் நூலில் இதையே பயன்படுத்தினார். அந்த வரிசைக்குள் கல்கௌதாரியும் இருந்தது, மூன்றுவிரல் டர்னிக்ஸும் இருந்தது. தரையில் மேய்வதுதான் அளவுகோல் என்றால் அது நியாயமே.

1898இல் 'பிரிட்டிஷ் இந்திய விலங்குகள்' நூல்தொடருக்காக பிளான்ஃபோர்டு எழுதிய பறவைகள் தொகுதியில் அந்த மூன்றும் பிரிந்துவிட்டன. கோழி இனங்களுக்கு லின்னேயஸின் 1758ஆம் ஆண்டுப் பெயரான 'கேலினே', கல்கௌதாரிக்குத் தனி வரிசை, டர்னிக்ஸுக்கு 'ஹெமிபோடியை', அதாவது 'அரைக்காலிகள்'. மரபணு என்ற சொல்லே பிறக்காத காலத்தில், எலும்பையும் இறகையும் பார்த்தே அவ்வளவு தூரம் வந்துவிட்டார்கள்.

ஆகவே தாத்தாவின் நூலில் 'ரசோரஸ்' என்று பார்க்கும் இடத்தில் உடனே 'கேலிஃபார்மிஸ்' என்று பென்சிலால் திருத்திவிடாதீர்கள். எந்தப் பறவையின் பக்கம் என்று முதலில் பாருங்கள். மயில், காட்டுக்கோழி, கௌதாரி, காடை என்றால் திருத்தலாம். பின்விரல் இல்லை என்று எழுதியிருந்தாலோ, சிறகு நீண்டு கூரானது என்று எழுதியிருந்தாலோ கையை எடுத்துவிடுங்கள்.